வாசகசாலையில் பவுல் வேகனர் படம் போடுவது எப்படி

களியக்காவிளை, பாறசாலைப் பக்கம் வாசகசாலைகளில் பழைய படம் போட்டால் கூட்டம் வரத்தான் செய்கிறது, ஆனால் ஊமைப்படம் என்றால் பத்து நிமிடத்தில் பின்வரிசை கட்டன் சாயா குடிக்கக் கிளம்பிவிடும். ஊமைப்படக் காலத்து ஜெர்மன் நடிகரும் இயக்குநருமான பவுல் வேகனரை வைத்து அவர்களை உட்கார வைக்கலாம். வரிசைதான் முக்கியம்.

எடுத்த எடுப்பில் 1920-இல் வந்த 'கோலெம்' வேண்டாம். 1913-இல் வந்த 'பிராக் நகர மாணவன்' படத்தில் கண்ணாடிக் காட்சியை மட்டும் முதலில் போடுங்கள். ஏழை மாணவன் ஒரு லட்சம் பொற்காசுக்குக் கையெழுத்துப் போடுகிறான், பதிலுக்கு அவன் அறையில் உள்ள எதையும் மந்திரவாதி எடுத்துக்கொள்ளலாம், மந்திரவாதி எடுப்பது கண்ணாடியில் தெரியும் பிம்பத்தை! பிம்பம் வெளியே இறங்கி நடந்து போகும். (மாணவனாக நடித்த வேகனருக்கு அப்போது வயது 38. நம் ஹீரோக்கள் கல்லூரிக்குப் போவதைப் பார்த்த நமக்கு இது ஒன்றும் புதிதல்ல.)

அங்கேயே நிறுத்தி, எப்படி எடுத்தார்கள் என்று கேளுங்கள், ஆளுக்கொன்று சொல்வார்கள். அப்புறம் விளக்குங்கள்: ஒளிப்பதிவாளர் கீடோ சேபர் படச்சட்டத்தின் ஒரு பாதியை மறைத்துப் படமெடுப்பார், பிலிமைப் பின்னோக்கிச் சுற்றி மறுபாதியை எடுப்பார், நடுக்கோட்டைத் தாண்டி வேகனர் கை நீட்டினால் கை அந்தரத்தில் வெட்டுப்பட்டுவிடும், எதிரே யாருமில்லாத இடத்தைப் பார்த்தே அவர் நடிக்க வேண்டும். நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் பெர்லின் குழுவில் பெயர் வாங்கிய நடிகர் சினிமாவுக்கு வந்ததே மேடையில் முடியாத இந்த வேலைக்காகத்தான். படத்தின் உண்மையான கவிஞன் கேமராவாக இருக்க வேண்டும் என்று 1916-இல் ஒரு சொற்பொழிவில் அவரே சொன்னார்.

சரி, இனி 'கோலெம்'. இது முழுப்படம். கார்ல் போசேவுடன் சேர்ந்து இயக்கி, களிமண் மனிதனாக அவரே நடித்தார். கோணல் தெருக்களைக் கட்டியது ஹான்ஸ் போல்சிக் என்ற கட்டடக் கலைஞர், கேமரா கார்ல் பிராய்ண்ட். ஆட்கள் ஓடுவதுபோல நடந்தால் வேகத்தைக் குறையுங்கள், வி.எல்.சி என்ற வீடியோ பிளேயரில் முக்கால் வேகம் வைத்துப் பார்த்து மெல்ல ஏற்றினால் சரியான நடை கிடைத்துவிடும். வசனம் இடையிடையே எழுத்தாகத் திரையில் வரும்போது ஒருவர் தமிழிலும் ஒருவர் மலையாளத்திலும் உரக்கப் படிக்கட்டும். இசைக்குச் சர்ச்சில் கீபோர்டு வாசிக்கும் பையன் போதும், ஆனால் கடைசியில் ஒரு சின்னப் பெண் ஆப்பிளை நீட்டி, கோலெம் அவளைத் தூக்க, அவள் விளையாட்டாக அவனுக்கு உயிர் தரும் நெஞ்சு நட்சத்திரத்தைக் கழற்றும் இடத்தில் வாசிக்கவே கூடாது என்று முன்கூட்டியே சொல்லி வையுங்கள்.

முடிந்ததும் யாராவது அவரது பிற்கால வாழ்க்கையைக் கேட்பார்கள். மழுப்பாதீர்கள். நாஜிகள் காலத்திலும் நடித்தார், அவர்களது பிரச்சாரப் படமான 'கோல்பெர்க்'கிலும் இருக்கிறார். போர் முடிந்த 1945-லேயே பெர்லின் மேடையில் 'ஞானி நாதன்' நாடகத்தில் யூத ஞானியாக நின்றவரும் அவர்தான். 1948-இல் இறந்தார்.

நேரம் இருந்தால் மலையாளத்தின் முதல் படத்தை எடுத்த அகஸ்தீஸ்வரம் ஜே.சி. டேனியலைப் பற்றிப் பேச ஒருவரைக் கூப்பிடுங்கள். அவரும் நிலத்தை விற்று, தானே இயக்கி, தானே நடித்து ஊமைப்படம் எடுத்தவர். 1915-இல் வெளிவந்த வேகனரின் முதல் கோலெமில் சில துண்டுகளாவது மிஞ்சின, டேனியலின் 'விகதகுமாரன்' மொத்தமும் போய்விட்டது. அந்தப் பேச்சுக்குத் திரை தேவைப்படாது, புரொஜெக்டரை அணைத்து ஆறவிடலாம்.