ஆனைமுடியைக் கண்ணாரப் பார்க்க: மதுரையிலிருந்து கிளம்புகிறவர்களுக்கு

நான் ஒத்தக்கடையில் பிறந்து வளர்ந்தவள். காலையில் வாசல் தெளிக்க வந்தால் எதிரே யானைமலை படுத்திருக்கும். பள்ளிப் பாடத்தில் ஆனைமுடி என்ற பெயரைப் படித்த நாளிலிருந்தே அந்த யானையையும் பார்த்துவிட வேண்டும் என்று ஆசை. 2,695 மீட்டர். தென்னிந்தியாவில் இதைவிட உயரமான சிகரம் இல்லை. மூன்றாம் தடவைதான் முழுதாகக் கண்ணில் பட்டது. உங்களுக்கு முதல் தடவையே கிடைக்க வேண்டும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

ஒன்றை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சிகரத்தின் உச்சிக்கு நாம் ஏற முடியாது. அது கேரளத்தில், இடுக்கி மாவட்டத்து இரவிகுளம் தேசியப் பூங்காவுக்குள் இருக்கிறது. 1975-இல் சரணாலயமாகி, 1978-இல் தேசியப் பூங்கா ஆனது. நமக்குத் திறந்திருப்பது ராஜமலைப் பகுதி மட்டும்தான். சிகரத்தின் பாறைச் சுவருக்குக் கீழே போகும் பாதையில் நடந்து, அண்ணாந்து பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டும். "வேறு வழியில் ஏற்றிவிடுகிறேன்" என்று யாராவது கூப்பிட்டால் போகாதீர்கள். காய்ந்த மலைப்புல்லில் தீ எவ்வளவு வேகமாக ஓடும் என்பதை 2018 மார்ச்சில் போடிக்கு மேலே குரங்கணியில் பார்த்துவிட்டோம். அந்தச் சாவுகளை நம் பக்கத்தில் யாரும் மறக்கவில்லை.

சரி, எந்த மாதம் போவது? முதல் தடவை நாங்கள் பிப்ரவரியில் போனோம். வாசல் பூட்டியிருந்தது. பிப்ரவரி, மார்ச் மாதங்கள் வரையாடு குட்டி போடும் காலம், வழக்கமாகப் பூங்காவை மூடிவிடுவார்கள். வண்டி ஏற்பாடு செய்தவர் அதைச் சொல்லவே இல்லை. அதனால் தேதியை நீங்களே வனத்துறையிடம் உறுதி செய்துகொள்ளுங்கள். இரண்டாம் தடவை ஜூலை. மதுரையில் வெயில் கொளுத்துகிறதே என்று கிளம்பினோம். தென்மேற்குப் பருவமழை அங்கேதான் கொட்டுகிறது என்பது யோசனையில் இல்லை. குடைக்குள் நின்றபடி வெள்ளை மூட்டத்தைப் பார்த்துவிட்டு வந்தோம். டிசம்பர், ஜனவரிதான் என் கணக்கில் சரியான காலம். வானம் துடைத்து வைத்தது போல இருக்கும். குளிர் மட்டும் நமக்குப் பழக்கமில்லாத குளிர். ஸ்வெட்டரோடு காதை மூட ஒரு மஃப்ளரும் எடுத்துக்கொள்ளுங்கள்.

முக்கியமான விஷயம் நேரம். மதியத்தை நெருங்கும்போதே மேகம் ஏறிச் சிகரத்தை மூடிவிடுகிறது. ஒரே நாளில் போய்த் திரும்பலாம் என்று மதுரையில் விடிகாலை கிளம்புகிறவர்கள் வரிசையில் நின்று உள்ளே போவதற்குள் பொழுது ஏறிவிடும். ஆகவே முதல் நாளே போய் மூணாறில் தங்குங்கள். பேருந்து என்றால் ஆரப்பாளையத்தில் ஏறித் தேனி அல்லது போடி, அங்கிருந்து மூணாறு. சொந்த வண்டி என்றால் உசிலம்பட்டி, ஆண்டிப்பட்டி, தேனி, போடி, அப்புறம் போடிமெட்டுக் கொண்டை ஊசி வளைவுகள், பூப்பாறை, தேவிகுளம். வளைவுகளில் தலை சுற்றுகிறவர்கள் போடியில் வயிறு முட்டச் சாப்பிட வேண்டாம். என் அம்மாவுக்கு ஒரு எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டே வந்தது போதுமானதாக இருந்தது.

மறுநாள் காலை முதல் வண்டியைப் பிடியுங்கள். நுழைவுச்சீட்டை இணையத்தில் முன்பதிவு செய்துவிட்டால் வரிசையில் நிற்கும் நேரம் மிச்சம். நம் வண்டியைக் கீழேயே நிறுத்த வேண்டும், வனத்துறை வண்டிதான் தேயிலைத் தோட்டங்கள் வழியாக மேலே கொண்டுபோகும். பிளாஸ்டிக் கொண்டுபோகக் கூடாது, தண்ணீருக்கு ஒரு எவர்சில்வர் பாட்டில் வைத்துக்கொள்ளுங்கள். இறங்கியதும் ஏற்றமாக ஒரு பாதை. அறுபத்தெட்டு வயதில் முட்டி வலியோடு என் அம்மா நின்று நின்று நடந்துவிட்டார். அப்படி நிற்பதுதான் நல்லது. வேகமாக நடந்து, செல்ஃபி எடுத்துத் திரும்புகிறவர்கள் வரையாட்டைத் தவறவிடுகிறார்கள்.

வரை என்றால் மலை. பெயருக்கேற்ப, நாம் கால் வைக்கவே அஞ்சும் பாறைச் சரிவில் அது நின்றுகொண்டு புல் மேயும். நம் தமிழ்நாட்டின் மாநில விலங்கும் இதுதான். முதுகில் சாம்பல் பூத்தது போல வெளுத்திருந்தால் அது வயதான கிடா. பாதைக்குப் பக்கத்திலேயே வந்து நிற்கும். தொடாதீர்கள், தின்ன எதுவும் கொடுக்காதீர்கள். பழகிவிட்டது போலத் தெரிந்தாலும் அது காட்டு உயிர்.

இப்போது தலையைத் தூக்குங்கள். புல் போர்த்திய சரிவுக்கு மேலே கருத்த பாறை ஒன்று எழுந்து நிற்கும், யானையின் மத்தகம் போல. அம்மா கைப்பிடிக் கம்பியைப் பிடித்தபடி வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "நம்ம ஊரு யானை படுத்துக் கெடக்கு. இது எந்திரிச்சு நிக்குது" என்றார். அவர் சொல்லி முடித்துக் கொஞ்ச நேரத்தில் மேகம் வந்துவிட்டது.

குறிஞ்சி பார்க்க வேண்டுமானால் 2030 வரை காத்திருக்க வேண்டும். கடைசியாக 2018-இல் பூத்தது, பன்னிரண்டு வருடக் கணக்கு. அந்த வருடம் கூட்டம் தாங்காது, தங்கும் இடத்துக்கு வெகு முன்பே சொல்லி வைத்துவிடுங்கள்.

திரும்பும்போது மதியச் சாப்பாட்டோடு மூணாறை விட்டுக் கிளம்பிவிடுங்கள். சாயங்காலப் பனிமூட்டத்தில் மலைப்பாதையில் முன்னால் போகும் வண்டி தெரியாது. இருட்டுவதற்குள் போடிக்கு இறங்கிவிட்டால், அங்கிருந்து மதுரைக்குச் சமவெளிச் சாலைதான்.