ஆபீசுக்குள் ரியாலிட்டி ஷோ: காமெடி எபிசோடு எழுதுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

மும்பையில் தமிழில் எழுதும் பிள்ளைகள் சிலர் மாதத்துக்கு ஒருமுறை மாதுங்காவில் ஒரு வீட்டு மாடியில் கூடி ஸ்கிரிப்ட் வாசிக்கிறார்கள். நானும் போவேன். பாதிப் பேர் அந்தேரியில் விளம்பர வேலை பார்க்கிறவர்கள், மீதிப் பேர் ஓடிடி டப்பிங்குக்கு வசனம் எழுதுகிறவர்கள். எல்லார் லேப்டாப்பிலும் ஒரு ஆபீஸ் சிட்காம், அதாவது ஒரே இடத்தில் ஒரே ஆட்களை வைத்து ஓடும் காமெடித் தொடர், தூங்குகிறது. அதில் எப்படியும் ஒரு எபிசோடில் ஆபீசுக்குள் ரியாலிட்டி ஷோ யூனிட் வந்து இறங்கிவிடும். ஆச்சரியம் ஒன்றும் கிடையாது. ஹிந்தியில் 2006-லும் தமிழில் 2017-லும் பிக் பாஸ் தொடங்கியது. வீட்டில் டிவி ஓட ஓட வளர்ந்த பிள்ளைகள். ஆனால் வாசிப்பதைக் கேட்கும்போது, நானும் என் வயதுக்காரர்களும் அந்தக் காலத்தில் போட்ட அதே ஓட்டைகள் அதே இடத்தில் இருப்பது தெரிகிறது.

நீளம் அதிகம், ஃபார்மட் சரியில்லை, பன்ச் ஒட்டவில்லை என்பதையெல்லாம் விட்டுவிடுகிறேன். நாலு தடவை வாசித்தால் அவை தானாகச் சரியாகிவிடும். தானாகச் சரியாகாதவற்றை மட்டும் எழுதுகிறேன்.

பிக் பாஸ் குரலை மிமிக்ரி செய்வது

வேண்டாம். பள்ளிக்கூட ஆண்டுவிழாவிலேயே செய்துவிட்டார்கள்.

கேமரா யாருடையது என்று தெரியாமல் எழுதுவது

கதாபாத்திரங்கள் அவ்வப்போது கேமராவைப் பார்த்துப் பேசுகிறார்கள். சரி, அந்தக் கேமரா யாருடையது? கேட்டால் பதில் வராது. பிபிசியில் 2001-ல் வந்த 'தி ஆபீஸ்' தொடரே, அன்றைக்கு பிரிட்டிஷ் டிவியில் மலிந்து கிடந்த நிஜ வாழ்க்கைத் தொடர்களைக் கேலி செய்து பிறந்ததுதான். அந்த பாணியில் எழுதுகிறீர்கள் என்றால் முதல் எபிசோடிலிருந்தே ஆபீசுக்குள் ஒரு கேமரா இருக்கிறது. அதன் மேல் இன்னொரு யூனிட்டை இறக்கினால், ஒரு யூனிட் இன்னொரு யூனிட்டைப் படம் பிடிக்கிறது. எது கதை, எது ஷோ என்று பார்க்கிறவருக்குப் பிடிபடாது.

அமெரிக்காவின் '30 ராக்' காமெடித் தொடர் இதை அழகாகக் கையாண்டது. சாதாரணமாக அந்தத் தொடரில் கேமரா இருப்பதாக யாரும் காட்டிக்கொள்ள மாட்டார்கள். 2011-ல் வந்த 'குயின் ஆஃப் ஜோர்டன்' எபிசோடை மட்டும், ஒரு ரியாலிட்டி ஷோவின் எபிசோடு போலவே முழுக்க எடுத்தார்கள். அதே மாதிரி எழுத்து, அதே மாதிரி இசை, அதே மாதிரி தனிப் பேட்டி. வழக்கமான கேமராவுக்கு அன்றைக்கு லீவு.

நமக்கு இரண்டும் வேண்டுமென்றால் இரண்டையும் கண்ணால் பார்த்தே பிரிக்க முடிய வேண்டும். ஷோவின் கேமரா சீலிங் மூலையில், அகலமாக, கீழே நேரம் ஓட. சிட்காம் கேமரா கண் மட்டத்தில். இதை ஸ்கிரிப்டின் முதல் பக்கத்திலேயே எழுதிவிடுங்கள்.

வேலையே நடக்காத ஆபீஸ்

கேமரா வந்ததும் எல்லாரும் வேலையை விட்டுவிட்டு டாஸ்க் செய்யக் கிளம்பிவிடுகிறார்கள். அப்புறம் அது எதற்கு ஆபீஸ்? லோனாவாலாவில் ஒரு பங்களா போதுமே. ஹிந்தி பிக் பாஸ் பல சீசன் அங்கேதான் நடந்தது.

ஃபோர்ட் பக்கம், சரக்குகளுக்குச் சுங்க வேலை பார்க்கும் ஒரு கிளியரிங் ஏஜென்ட் ஆபீஸ் என்று வைத்துக்கொள்ளுங்கள். நவ சேவா துறைமுகத்துக்குள் கன்டெய்னர் நுழைவதற்கான கெடு இன்று சாயங்காலம். சுங்கத்துக்குப் போக வேண்டிய ஷிப்பிங் பில் இன்னும் போகவில்லை, ஏனென்றால் டிஜிட்டல் கையெழுத்து இருக்கும், பென் டிரைவ் மாதிரியான டாங்கிள் மேனேஜர் சட்டைப் பையில் இருக்கிறது. மேனேஜரோ கண்ணைக் கட்டிக்கொண்டு ஒற்றைக் காலில் நிற்கிறார். யார் தொட்டாலும் அவர் அவுட். எக்ஸ்போர்ட்டர் ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை போன் செய்கிறார். இனி நீங்கள் ஜோக் எழுத வேண்டியதில்லை, அந்த டாங்கிளை எடுக்கும் வழியை எழுதினால் போதும்.

வெட்டி ஒட்டியதை மட்டும் காட்டுவது

பணத்தைத் தின்னும் தவறு இது. இதைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் எனக்கு இன்னும் குரல் உயர்ந்துவிடுகிறது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

ரியாலிட்டி ஷோவைக் கிண்டல் செய்ய வேண்டும் என்றதும் எல்லாரும் போட்டியாளரைப் பிடித்துக்கொள்கிறார்கள். அழுகிறவர், கத்துகிறவர், சாமி வந்து ஆடுகிறவர். காமெடி அங்கே கொஞ்சம்தான், மிச்சமெல்லாம் எடிட் டேபிளில். எழுத்தாளரே இல்லாத நிகழ்ச்சி என்று ஊர் சொன்னாலும், அமெரிக்காவில் இந்த ஷோக்களுக்கு 'ஸ்டோரி புரொடியூசர்' என்று பதவியே உண்டு. மலை மலையாகக் குவிந்த ஃபுட்டேஜிலிருந்து கதையைத் தோண்டி எடுப்பவர். கிடைக்காவிட்டால் செய்பவர். வேறு வேறு நேரத்தில் பேசிய சொற்களை வெட்டி ஒரே வாக்கியமாகத் தைப்பதற்கு 'ஃபிராங்கன்பைட்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். குரல் மட்டும் கேட்டு, முகத்துக்குப் பதில் முதுகோ ஜன்னலோ தெரிந்தால் அங்கே தையல் இருக்கலாம்.

நம் எபிசோடில் இது எப்படி வர வேண்டும்? பேன்ட்ரியில் ஒரு சீன். அக்கவுண்ட்ஸ் அக்கா ஃபிரிட்ஜைத் திறக்கிறார். டெஸ்பாட்ச் தம்பியின் டிபன் டப்பா, வெள்ளிக்கிழமை வைத்தது. இன்று திங்கள். மூடியைத் திறந்து மோந்து பார்த்து முகத்தைச் சுளிக்கிறார். "இதைச் சாப்பிட்டான்னா செத்துடுவான்" என்று முணுமுணுத்துக்கொண்டே சாம்பாரைக் கொட்டி, டப்பாவைத் தேய்த்துக் கழுவிக் கவிழ்த்து வைக்கிறார். தம்பி வருகிறான். "அய்யோ, மறந்தே போயிட்டேன்க்கா, தேங்க்ஸ்." அக்கா தன் டப்பாவிலிருந்து அவனுக்கு ரெண்டு இட்லி எடுத்து வைக்கிறார். சீன் முடிந்தது.

ராத்திரி ஒளிபரப்பில் அதே சீன். அக்கா மூடியைத் திறக்கிறார். கட். அக்காவின் முதுகு. குரல் மட்டும்: "செத்துடுவான்." டமார் என்று இசை. தம்பியின் அதிர்ச்சியான முகம்; அது ஏசி ரிமோட் காணாமல் போனபோது எடுத்தது. மறுபடி அக்கா, இந்தத் தடவை சிரிக்கிறார்; அது இன்கிரிமென்ட் லெட்டர் வந்த அன்றைய சிரிப்பு, புடவைகூட வேறு. மூன்று முறை ஜூம். விளம்பர இடைவேளை.

இப்போது உட்கார்ந்து இதைப் பார்க்கும் தம்பியைக் காட்டுங்கள். இட்லி சாப்பிட்டவன் அவன். அங்கேயே நின்றவன். இருந்தும் வாயைப் பிளந்து டிவியைப் பார்க்கிறான். மறுநாள் காலையில் டிபன் டப்பாவை ஃபிரிட்ஜில் வைக்காமல் டிராயரில் வைத்துப் பூட்டுகிறான். என்னைக் கேட்டால் மொத்த எபிசோடும் அந்தப் பூட்டுக்காகத்தான். தன் கண்ணால் பார்த்ததைவிட டிவியில் வந்ததை ஒருவன் நம்புகிறான் என்பதைவிடப் பெரிய கிண்டல் இந்த ஷோக்கள் மேல் வைக்க முடியாது.

ரஷ்ய இயக்குநர் லெவ் குலெஷோவ் நூறு வருடத்துக்கு முன்பே செய்து காட்டிய வித்தைதான் இது. ஒரே முகம், ஒரு தடவை சூப் கிண்ணத்தோடு, இன்னொரு தடவை சவப்பெட்டியோடு. பார்த்தவர்கள் அந்த முகத்தில் பசியையும் துக்கத்தையும் தாங்களே வரவழைத்துக்கொண்டார்கள்.

மாடியில் வாசிக்கும் பிள்ளைகள் இதைத் தலைகீழாக எழுதுகிறார்கள். முதலில் ஒளிபரப்பான துண்டு. எல்லாரும் அக்காவைத் திட்டுகிறார்கள். கடைசியில் ஃபிளாஷ்பேக் போட்டு, நடந்தது இதுதான் என்று ட்விஸ்ட். அது மர்மக் கதைக்குச் சரி. இங்கே பார்க்கிறவரும் சேர்ந்து ஏமாந்தால் சிரிக்க ஆள் இருக்காது. நடந்ததை முதலில் காட்டுங்கள், எதையும் ஒளிக்காமல், சுவாரசியமே இல்லாத மாதிரி.

அது ஸ்கிரிப்ட் மேஜையில் நடக்கும் தவறு. ஸ்பாட்டில் நடப்பதுதான் விலை அதிகம். ஸ்கிரிப்டில் பேன்ட்ரி சீனை விலாவாரியாக எழுதிவிட்டு, பத்து சீன் தள்ளி 'டிவியில் எடிட் செய்த துண்டு ஓடுகிறது' என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறார்கள். அந்தத் துண்டில் வரும் முதுகு, முகம், சிரிப்பு எல்லாவற்றையும் யார், எப்போது எடுப்பார்கள்? போன மாதம் ஒரு தம்பியிடம் கேட்டேன். "அதெல்லாம் எடிட்ல பாத்துக்கலாம்ணா" என்றான். எடுக்காததை எடிட்டர் எங்கேயிருந்து கொண்டுவருவார்?

இதே வரியை ஒரு பைலட்டில், அதாவது தொடருக்கு முன்னால் மாதிரிக்கு எடுக்கும் எபிசோடில், கேட்டிருக்கிறேன். ஓடிடிக்காகத் தமிழில் எடுத்தது, மும்பையிலேயே ஷூட். மீரா ரோடு பக்கம் ஒரு ஃப்ளோரில் ஆபீஸ் செட். என் வேலை வசனத்தைச் செப்பனிடுவது மட்டும். பேன்ட்ரி சீன்களை முதலில் முடித்து, இடம் வேண்டும் என்று அந்தச் செட்டைப் பிரித்துவிட்டார்கள். டிவி பார்க்கும் சீன் வந்த அன்று அசிஸ்டென்ட் டைரக்டர் கேட்டார்: "டிவியில என்ன ஓடணும்?" யாரிடமும் ஒன்றும் இல்லை. முழு சீனையும் ஒரே கோணத்தில் எடுத்த மாஸ்டர் ஷாட் இருக்கிறது, இரண்டு க்ளோஸ் இருக்கிறது. மூலைக் கேமராக் கோணத்தில் ஒரு ஷாட்கூடக் கிடையாது. நடிகர்கள் கறுப்பு ஸ்கிரீனைப் பார்த்து அதிர்ச்சியடைந்து நடித்துவிட்டுப் போனார்கள்.

அப்புறம் பேட்ச் ஒர்க். பேன்ட்ரியின் ஒரு சுவரை மட்டும் திரும்ப நிறுத்தினார்கள். தம்பியாக நடித்தவர் அதற்குள் வேறொரு சீரியலுக்காக மீசையை எடுத்திருந்தார். ஒட்டு மீசை க்ளோஸ்-அப்பில் பல்லி மாதிரி ஒட்டிக்கொண்டு நின்றது. புரொடியூசர் பார்த்தார், டிவி சீனையே தூக்கச் சொல்லிவிட்டார். அது போனதும் பேன்ட்ரி சீனுக்கும் அர்த்தம் போய்விட்டது. ஒரு அம்மா டப்பா கழுவுகிறார், அவ்வளவுதான். காலியான இடத்தில் நீளமாக ஒரு எவிக்‌ஷன் விழாவை எழுதி நிரப்பினோம். பைலட் யாருக்கும் பிடிக்கவில்லை. டைரக்டர் ரைட்டரைக் கை காட்டினார், ரைட்டர் டைரக்டரைக் கை காட்டினார். கடைசியில் திட்டு வாங்கியவர், சரியான கேள்வியைக் கேட்ட அந்த அசிஸ்டென்ட் டைரக்டர்.

ஆகவே டிவியில் ஓடும் துண்டை ஷாட் ஷாட்டாக எழுதுங்கள். ஒவ்வொரு ஷாட்டுக்கும் பக்கத்தில், அது எந்த சீன் எடுக்கும்போது எடுக்கப்பட வேண்டும் என்று சீன் எண்ணைப் போடுங்கள். அதே எண்ணை அந்த சீனின் தலையிலும் போட்டு, 'இங்கே துண்டுக்கான ஷாட் உண்டு' என்று எழுதுங்கள். ஷெட்யூல் போடுகிறவர் கண்ணில் படுவது சீனின் தலைதான். பேன்ட்ரி முடிந்ததும் அதே காஸ்ட்யூமில், எல்லாரிடமும் இடது பக்கம் பார்த்து ஒன்று, வலது பக்கம் பார்த்து ஒன்று என்று சும்மா ரியாக்‌ஷன் வாங்கிவைக்கச் சொல்லுங்கள். மூடி, டப்பா, சிங்க், ஆள் இல்லாத கதவு என்று நாலு காலி ஷாட். "செத்துடுவான்" மட்டும் காலர் மைக்கில் தனியாக, சுத்தமாக. டிவி சீன் எடுக்கும் நாளுக்கு முன்பே துண்டு எடிட் ஆகி பென் டிரைவில் இருக்க வேண்டும். நடிகர்கள் அதைப் பார்த்து நடித்தால்தான் தம்பியின் வாய் சரியாகப் பிளக்கும். ஸ்பாட்டில் இதற்கெல்லாம் அரை மணி நேரம் கூட ஆகாது. விட்டால் ஒரு முழுக் கால்ஷீட்டும் ஒரு சுவரும் ஒரு மீசையும் தண்டம்.

எல்லாரையும் கத்தவிடுவது

கேமராவைப் பார்த்ததும் ஆபீஸ்காரர்கள் கத்த மாட்டார்கள், நாகரிகமாகிவிடுவார்கள். மேனேஜர் இங்கிலீஷில் பேசுவார். வருஷக்கணக்கில் பேசாத இரண்டு பேர் 'குட் மார்னிங்' சொல்லிக்கொள்வார்கள். அந்த நாகரிகம் எந்த இடத்தில் கிழிகிறது என்று தேடுங்கள். மைக் மாட்டியிருப்பதை மறந்துவிட்டு பாத்ரூமிலிருந்து மேனேஜர் தன் மாமனாரோடு போனில் பேசலாம். தனிப் பேட்டியையும் விட்டுவிடாதீர்கள். கேள்வியையும் பதிலுக்குள் சேர்த்து, முழு வாக்கியமாக, இப்போது நடப்பது போல் சொல்லச் சொல்வது இந்த ஷோக்களின் வழக்கம். "நான் இப்போ டீ குடிக்கப் போறேன். எனக்கு ரொம்பக் கோவமா இருக்கு" என்று ஒரு பியூன் சட்டையில் மைக்கோடு சொல்லும்போது, அவர் உண்மையில் ரிட்டயர்மென்ட் ஃபாரத்தைப் பற்றி யோசித்துக்கொண்டிருக்கலாம்.

நாமினேஷன் என்றால் என்ன என்று விளக்குவது

செம்பூரில் எந்த மாமியிடமும் கேளுங்கள். உங்களுக்கே விளக்குவார்.

வரிசையில் நிற்பவரைக் கிண்டல் செய்வது

வெர்சோவாவில் ஆராம் நகர் சந்துகளில் எந்நேரமும் ஆடிஷனுக்கு ஆட்கள் வந்துபோய்க்கொண்டிருப்பார்கள். வெயிலில் நின்று, ஒரே ஷர்ட்டை மடிப்புக் கலையாமல் பாதுகாத்துக்கொண்டு. பாட்டுப் போட்டிகளின் ஆடிஷன் எபிசோடுகளில் சுருதி விட்டவர்களைக் கோமாளிச் சத்தம் போட்டுக் காட்டுகிறார்களே, அதையே நீங்களும் செய்துவிட்டு 'சட்டயர்' என்று பெயர் வைக்காதீர்கள். அந்தச் சத்தத்தைச் சேர்த்தவரை உங்கள் கதைக்குள் கொண்டுவாருங்கள். ஏசி ரூமில் ஹெட்போன் மாட்டி, எந்தச் சத்தம் பொருந்தும் என்று மூன்றை மாற்றி மாற்றிப் போட்டுக் கேட்கிறாரே, அவர் நல்ல கதாபாத்திரம். எனக்குத் தெரிந்து யாரும் இன்னும் சரியாக எழுதவில்லை.

கடைசியில் எல்லாரும் திருந்துவது

அடித்துவிடுங்கள். அடுத்த வாரமும் அக்காவும் தம்பியும் அதே பேன்ட்ரிக்கு வர வேண்டும். டிராயர் சாவி அவனிடமே இருக்கட்டும்.