பட்டாசாலையில் (செட்டிநாட்டு வீட்டுக் கூடத்தில்) ஒரு ஜெர்மானிய இசையமைப்பாளரைக் கேட்பது எப்படி?

மார்ட்டின் பெட்சரின் திரையிசை வாழ்வைக் காரைக்குடிப் பக்கத்து வீடொன்றில் ஒரு மாலையில் நண்பர்களோடு கேட்டறிய விரும்புவோர், முதலில் அறையைச் சீர்செய்துகொள்ள வேண்டும். ஆத்தங்குடிக் கல் பதித்த தரையும் சுண்ணாம்புச் சுவரும் ஒலியை எதிரொலிக்கும் என்பதால், தரை முழுவதும் சமுக்காளம் விரித்து, ஒலிபெருக்கியை மூலையிலிருந்து சற்று விலக்கி வைப்பது நல்லது.

1927இல் பெர்லினில் பிறந்த பெட்சர், போர்க்கைதியாக இருந்தபோது கிதார் பழகி, பின்னர் ஹாம்பர்க் வானொலி இசைக்குழுவில் வாசித்தவர் என்பதை முன்னுரையாகச் சொன்னால் போதும்.

1956இல் வெளிவந்த ‘டி ஹால்ப்ஷ்டார்கென்’ படத்தின் ஜாஸில் தொடங்குங்கள். போருக்குப் பிந்தைய இளைஞரின் அடங்காமை அதில் ஒலிக்கிறது. அடுத்து, 1962இல் ஜெர்மன் எழுத்தாளர் கார்ல் மேயின் கதையிலிருந்து எடுக்கப்பட்ட ‘வெள்ளி ஏரியின் புதையல்’ படத்துக்கு வாருங்கள். அதன் மவுத்ஆர்கன் மெட்டை இருமுறை ஒலிக்கவிட்டு, முதல்முறை மெட்டையும் மறுமுறை அடியில் விரியும் வயலின்களையும் மட்டும் கவனிக்கச் சொல்லுங்கள். அமெரிக்க மேற்குப் பகுதியில் நடக்கும் சாகசக் கதைக்கு இவ்வளவு மென்மையா என்று யாரேனும் கேட்பார்கள். அந்த மென்மையே அவருடைய தனித்தன்மை என்பது என் கருத்து. ஆங்கில எழுத்தாளர் எட்கர் வாலஸின் கதைகளைத் தழுவி, பெட்சர் இசையமைத்த துப்பறியும் படங்களிலிருந்து ஒரு துண்டு போதும்.

ஒப்பிட வேண்டுமெனில், 1947இல் ஏவி.எம். இவ்வூரிலிருந்து தந்த ‘நாம் இருவர்’ படத்தின் பாடலொன்றை இறுதியில் சேர்க்கலாம்.