செட்டிநாட்டு வீட்டுக்குள் காலத்தைச் சுற்றவிடுவது எப்படி?

காலம் வளையும் வீட்டைக் கதையில் கட்ட விண்கலமெல்லாம் வேண்டாம், கானாடுகாத்தான் பக்கம் ஒரு பழைய வீடு போதும். முகப்பு, நடுமுற்றம் உள்ள வளவு, இரண்டாங்கட்டு, அடுப்படி என்று வாசல்கள் நேர்கோட்டில் போய், பின்வாசல் அடுத்த தெருவில் திறக்கும் இல்லையா, அதைத் தாண்டினால் மறுபடி முகப்பே வரட்டும், ஆனால் ஒரு வருஷம் முன்னால். விதி ஒன்றே ஒன்று: நேராக நடந்தால்தான் காலம் பின்னால் போகும். இரண்டு விதி வைத்தால் வாசகர் கணக்குப் போட உட்கார்ந்துவிடுவார்.

அப்புறம், தேதி சொல்லாதீர்கள், சலிப்பு. அந்த வீடுகளின் தரையில் பதிக்கும் ஆத்தங்குடிக் கல் புழங்கப் புழங்கப் பளபளப்பு ஏறும். அதனால் ஒவ்வொரு சுற்றிலும் தரை கொஞ்சம் மங்கட்டும், கடைசிச் சுற்றில் கொத்தனார் கையில் கரண்டியோடு நிமிர்ந்து, "ஆச்சி, மிதிச்சிராதீக, இன்னும் காயலை" என்று சொல்லட்டும். அங்கேயே முடித்துவிடுங்கள், அதற்கு மேல் பின்னால் போக வீடு கிடையாது.