இரண்டு ஏக்கரும் சித்தப்பாவும்: என் அனுபவம்

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் அப்பாவும் சித்தப்பாவும் பாதிப் பாதியாக வாங்கிய இரண்டு ஏக்கர் செம்பனை (எண்ணெய்ப்பனை) நிலம். பின்னால் ஒட்டியிருப்பது சித்தப்பாவின் சொந்த லாட் (நிலத்துண்டு). இரண்டையும் சேர்த்து ஒரே கிராண்ட் (நில உரிமைப் பத்திரம்) எடுக்கப் போவதாக அவர் சொன்னதும் அம்மா சாப்பிடவில்லை.

சண்டைக்குப் போகாமல் முதலில், நிலம் யார் பெயரில் இருக்கிறது என்று காட்டும் அதிகாரபூர்வத் தேடல் சான்றிதழ் எடுத்தேன். இறந்து பல ஆண்டுகளாகியும் அப்பா பெயர் அப்படியே இருந்தது. நல்லதாகப் போயிற்று! 1965 தேசிய நிலச் சட்டத்தின் 146ஆம் பிரிவுப்படி, ஒரே உரிமையாளரின் நிலங்களைத்தான் இணைக்க முடியும்.

1955 சிறு சொத்துப் பகிர்வுச் சட்டத்தின்கீழ் மனுச் செய்தோம். இறப்புச் சான்றிதழ், திருமணப் பதிவு, பிள்ளைகள் நாங்கள் மூவரும் எங்கள் உரிமையை விட்டுக்கொடுத்த கையொப்பம். அப்பாவின் பங்கு அம்மா பெயருக்கு மாறியது. பிறகு தேசிய நிலச் சட்டத்தின் 140ஆம் பிரிவில் பாகப்பிரிவினை. விவசாய நிலத்துண்டு 0.4 ஹெக்டேருக்குக் குறையக்கூடாது. ஓர் ஏக்கர் சுமார் 0.405. மயிரிழைதான்.

அளக்க வந்தவர் லாலாங் புல்லை விலக்கி எல்லைக்கல்லைக் காட்டினார். சித்தப்பா குந்தி உட்கார்ந்து அதன் மண்ணைத் துடைத்தார். தன் பாதியைப் பின் லாட்டோடு இணைக்க இப்போது அவரே மனுப் போட்டிருக்கிறார். படிவம் நிரப்பிக் கொடுத்தவன் நான்.