கிராண்டில் அளவு தப்பா இருந்தா

மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் தோட்டத்தை விட்டு வெளியேறி வீட்டுமனை வாங்கியவங்க பலர் கிராண்டை, அதாவது நில உரிமைப் பத்திரத்தை, பெட்டியில் பூட்டி வைத்துவிட்டு, பக்கத்து லோட்காரர் வேலி போடும்போதுதான் அளவைப் பார்க்கிறார்கள். அப்படி விடாதீங்க. முதலில் நில அலுவலகத்தில் 'சாரியான் ரஸ்மி' (நிலப் பதிவு விவரத்தின் அதிகாரபூர்வ நகல்) எடுங்க. உங்களுடையது 'ஹக்மிலிக் செமெந்தாரா' (தற்காலிக கிராண்ட்) என்றால் எல்லை இன்னும் முடிவாகவில்லை, இறுதி அளவைக்குப் பிறகு பரப்பு மாறலாம், அதைப் பிழை என்று சொல்ல முடியாது.

நிரந்தர கிராண்டா? சரி, அளவைத் துறையான ஜுப்பெமில் சான்றளித்த பிளானை வாங்கி ஒப்பிடுங்க. உரிமம் பெற்ற சர்வேயரை வைத்து எல்லைக்கல்லைத் தேடச் சொல்லுங்க, காசு செலவாகும்தான், ஆனால் அவர் அறிக்கை இல்லாமல் வாய்ப்பேச்சு எடுபடாது. எல்லைக்கல்லை நீங்களே பிடுங்கி நகர்த்தவே கூடாது, அது குற்றம்.

பதிவில்தான் பிழை என்றால், தேசிய நிலச் சட்டத்தின் 380ஆம் பிரிவின்படி திருத்தச் சொல்லிப் பதிவாளருக்கு எழுதுங்க. பிளான், அறிக்கை நகல்களை இணைத்து, பெற்றுக்கொண்டதற்கு முத்திரை வாங்கி வையுங்க. மறுத்தால் முடிவு தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து 3 மாதத்துக்குள் 418ஆம் பிரிவில் உயர் நீதிமன்றம் போகலாம். இந்தக் கெடு ரொம்ப முக்கியம், அதனால் கடிதம் கைக்கு வந்ததுமே வக்கீலைப் பாருங்க. சபா, சரவாக்கில் சட்டம் வேறு.