விதையிலிருந்து சரக்கொன்றை: சேலத்து வெயிலுக்கு ஏற்ற பூமரம்

சேலத்தில் சித்திரை வெயில் மண்டையைப் பிளக்கும்போதுதான் சரக்கொன்றைக்குக் கொண்டாட்டம். இலையெல்லாம் உதிர்த்துவிட்டு மரம் முழுக்க மஞ்சள் சரங்களைத் தொங்கவிடும். வளர்ப்பதும் கஷ்டமில்லை. விதையை முளைக்க வைப்பதும், முதல் இரண்டு கோடைகளைத் தாண்ட வைப்பதும்தான் நம் வேலை. அப்புறம் எவ்வளவு கண்டுகொள்ளாமல் விடுகிறோமோ அவ்வளவு நன்றாகப் பூக்கும்.

நெற்று எடுப்பது

நர்சரியில் பொத்தாம்பொதுவாகக் "கொன்றை" என்று கேட்டால், சாலையோரத்து மஞ்சள் கொன்றைக் கன்று கையில் வந்துவிடலாம். அதன் பூங்கொத்து மேல்நோக்கி நிமிர்ந்திருக்கும், காய் தட்டையாக இருக்கும். சரக்கொன்றையின் சரம் கீழே தொங்கும். காய் ஒன்று, ஒன்றரை அடி நீளத்துக்கு உருண்ட குழல்போல இருந்து, முற்றினால் கறுத்துவிடும். பூத்த மரத்தைப் பார்த்து வைத்துக்கொண்டு, தை, மாசியில் அதன் அடியில் விழுந்த நெற்றைப் பொறுக்கி வருவதுதான் நிச்சயமான வழி. காசும் மிச்சம்.

நெற்றைக் கல்லால் தட்டி உடையுங்கள். உள்ளே வரிசையாகத் தடுப்புகள், ஒவ்வொரு அறையிலும் பிசுபிசுத்த கறுப்புச் சதை, அதன் நடுவே ஒரு பழுப்பு விதை. வாடை கொஞ்சம் தூக்கலாகத்தான் இருக்கும். தண்ணீரில் அலசி, நிழலில் உலர்த்துங்கள். அந்தச் சதை கடுமையான பேதி மருந்து. குழந்தைகள் வாயில் வைக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

முளைக்க வைப்பது

பலர் கைவிடுவது இந்த இடத்தில்தான். விதைத் தோல் கெட்டி. அப்படியே ஊன்றினால் தண்ணீர் உள்ளே போகாது, மாதக்கணக்கில் சும்மா கிடக்கும். பெரிய நாற்றங்கால்களில் கந்தக அமிலத்தில் நனைத்துத் தோலை இளக்குவார்கள். வீட்டில் அந்த வம்பு வேண்டாம், ஒரு உப்புத்தாள் போதும்.

விதையை இரண்டு விரலால் பிடித்து, முளை வரும் கூர்முனையை விட்டுவிட்டு, அதற்கு எதிர்ப்பக்கம் தேயுங்கள். பழுப்புப் பளபளப்பு போய் உள்ளிருக்கும் வெளிர் நிறம் ஊசிமுனை அளவு தெரிந்ததும் நிறுத்திவிடுங்கள். இரவு முழுக்கத் தண்ணீரில் ஊற விட்டால், சரியாகத் தேய்த்த விதை காலையில் உப்பி இருக்கும். உப்பாததை மறுபடி தேய்த்து ஊறப்போடுங்கள்.

செம்மண், மணல், மக்கிய எரு மூன்றையும் சம அளவில் கலந்து, உயரமான நாற்றுப் பையில் நிரப்பி, அரை அங்குல ஆழத்தில் ஊன்றுங்கள். பெரும்பாலும் இரண்டு, மூன்று வாரத்தில் முளைவிடும். ஆணிவேர் வேகமாக இறங்கும் மரம் இது. பை அடியில் வேர் எட்டிப்பார்த்தால் நடும் நேரம் வந்துவிட்டது என்று அர்த்தம்.

நடுவது

நாள் முழுக்க வெயில் விழும் இடம் வேண்டும். மாடி நிழலில் வைத்தால் இலைதான் மிஞ்சும். சுவரிலிருந்து பதினைந்து அடியாவது தள்ளி, மேலே மின்கம்பி இல்லாத இடமாகப் பாருங்கள். குழி இரண்டு அடிக்கு இரண்டு அடி, ஆழமும் அவ்வளவே. சேலத்தில் பல இடங்களில் கொஞ்சம் தோண்டியதுமே சுக்கான் (கெட்டியான சுண்ணாம்புப் பாறை) தட்டும். குழியில் ஒரு பக்கெட் தண்ணீரை ஊற்றிப் பாருங்கள். மறுநாளும் தேங்கி நின்றால் கடப்பாரையால் அடியை உடையுங்கள், இல்லையென்றால் வேறு இடம் பாருங்கள். இந்த மரம் வறட்சியைத் தாங்கும், தண்ணீர் தேங்குவதைத் தாங்காது.

ஆடி, ஆவணியில் நட்டால் ஐப்பசி மழை வரை வேர் பிடிக்க நேரம் கிடைக்கும். துணைக்கு ஒரு மூங்கில் குச்சி, மாடு மேயாமல் சுற்றிலும் முள்வேலி. சரி, நட்டாயிற்று.

பராமரிப்பு

முதல் கோடையில் வாரம் இரண்டு முறை, ஒவ்வொரு தடவையும் ஒரு குடம். இரண்டாவது கோடையில் வாரம் ஒரு முறை. போர் தண்ணீர் உப்பாக இருந்தால் இலை ஓரம் கருகும். காவிரித் தண்ணீர் வரும் நாளில் கொஞ்சம் இதற்கும் ஒதுக்குங்கள். அடியில் காய்ந்த சருகைப் பரப்பினால் ஈரம் நிற்கும். மழைக்கு முன் ஒரு கூடை மக்கிய எரு போட்டால் வருடத்துக்குப் போதும். யூரியா பக்கமே போகாதீர்கள், மரம் தழைத்துக்கொண்டே இருக்கும், பூக்காது.

வெளிர் மஞ்சள் வண்ணத்துப்பூச்சி ஒன்று தளிரில் முட்டையிடும். பச்சைப் புழு இலையைக் கத்தரித்துத் தள்ளும். சின்னக் கன்றில் கையால் பொறுக்குங்கள். பெரிய மரம் தானே மறுபடி தளிர்த்துவிடும், மருந்து தேவையில்லை. மாசி, பங்குனியில் இலை கொட்டினால் பட்டுப்போனதாக நினைத்து வெட்டிவிட வேண்டாம். கிளையை நகத்தால் கீறிப் பாருங்கள், உள்ளே பச்சை இருந்தால் உயிர் இருக்கிறது.

கிளை கழிப்பதைப் பூத்து முடிந்த ஆனி, ஆடியில் வைத்துக்கொள்ளுங்கள். விதையிலிருந்து வளர்ந்த மரம் பூக்க ஐந்து வருடமாவது ஆகும், சில மரங்கள் அதைவிடவும் இழுத்தடிக்கும்.

ஏற்காட்டு மேல் ஊர்களில் இருப்பவர்களுக்கு இதைச் சொல்ல மாட்டேன். சுமார் 1500 மீட்டர் உயரத்துப் பனியும் குளிரும் இதற்கு ஒத்துவராது. அங்கே ஊதாப் பூ பூக்கும் ஜகரண்டா மரம் வையுங்கள். அடிவாரம் வரை சரக்கொன்றை தாராளமாக வரும்.